அங்கோரைத் தாண்டி, காட்டுக்குள் இருக்கும் கெமர் கோயில்களுக்குப் போக ஒரு வழிகாட்டி

கம்போடியாவில், அங்கோர் என்ற பழைய கெமர் தலைநகர்ப் பகுதியில் இருக்கும் அங்கோர் வாட் கோயிலைப் பார்ப்பது சுலபம். சியெம் ரீப் ஊரிலிருந்து ஆறு கிலோமீட்டர்தான். விடியற்காலையில் எந்த ஆட்டோவில் ஏறினாலும் அங்கேதான் கொண்டுபோய் விடுவார்கள். அதைத் தாண்டிப் போக நினைக்கும்போதுதான் சிரமம் தொடங்குகிறது. பெங் மேலியா, கோ கெர், சம்போர் ப்ரெய் குக் என்று மரவேர்களுக்கு நடுவே கிடக்கும் கோயில்களைத் தேடி நானும் என் தோழியும் பத்து நாள் பயணமாகப் போனோம். காட்டில் எங்களுக்கு ஒரு கஷ்டமும் வரவில்லை. தவறான டிக்கெட், கிழிந்த டாலர், காருக்குப் பேசிய விதம், நேரத்தைக் கணக்குப் போடாதது, இவை எல்லாம் சேர்ந்து எங்கள் பத்து நாளில் மூன்றைத் தின்றுவிட்டன. முதல்முறை போகிற உங்களுக்கு அந்த மூன்று நாள் மிச்சமாகட்டும் என்றுதான் இதை எழுதுகிறேன். கோயில்களின் வரலாற்றுக்குள் நான் போகவில்லை. அதைப் படிக்க நிறைய இடம் இருக்கிறது.

1. எந்தக் கோயில் என்று முதலில் முடிவு செய்யுங்கள்

எல்லாவற்றையும் பார்த்துவிடலாம் என்று கிளம்பாதீர்கள். ஒவ்வொன்றும் ஒவ்வொரு திசையில் இருக்கிறது. நான் சொல்லும் வரிசை எளிதிலிருந்து கடினம்.

கபால் ஸ்பியன்: காட்டுப் பாதையில் ஒன்றரை கிலோமீட்டர் ஏறினால் ஆற்றுப் படுகையிலேயே செதுக்கிய லிங்கங்களும் பள்ளிகொண்ட விஷ்ணுவும். காட்டில் நடந்து பழக்கமில்லாதவர்கள் இங்கே தொடங்குங்கள். மதியத்துக்குள் போய்விடுங்கள், சாயங்காலத்தில் ஏற விடமாட்டார்கள்.

பெங் மேலியா: சியெம் ரீப்பிலிருந்து சுமார் 60 கிலோமீட்டர் கிழக்கே. இடிந்து விழுந்த கற்கள் விழுந்தபடியே கிடக்கின்றன. மேலே மரப்பலகைப் பாதை போட்டிருக்கிறார்கள். நேரம் குறைவு, ஒரே ஒரு காட்டுக் கோயில்தான் பார்க்க முடியும் என்றால் தயங்காமல் இதைத் தேர்ந்தெடுங்கள்.

கோ கெர்: சுமார் 120 கிலோமீட்டர் வடகிழக்கே. ஏழு அடுக்குப் பிரமிடு கோபுரம், சுற்றிலும் காட்டுக்குள் சிதறிக் கிடக்கும் சிறு கோயில்கள். எனக்கு மிகவும் பிடித்த இடம் இதுதான். கீழே நிறையச் சொல்கிறேன்.

சம்போர் ப்ரெய் குக்: கொம்பொங் தோம் ஊரிலிருந்து 30 கிலோமீட்டர் வடக்கே. ஏழாம் நூற்றாண்டுச் செங்கல் கோயில்கள், எண்கோண வடிவக் கோபுரங்கள். சியெம் ரீப்பிலிருந்து நோம் பென்னுக்குச் சாலை வழியாகப் போகிறவர்கள் நடுவில் ஓர் இரவு கொம்பொங் தோமில் தங்கிப் பார்த்துவிடலாம். தனியாக இதற்கென்று போய்வருவது வீண் அலைச்சல்.

பிரே கான் கொம்பொங் ஸ்வாய்: அங்கோருக்குக் கிழக்கே சுமார் 100 கிலோமீட்டர். வெளிச் சுற்று மட்டுமே பக்கத்துக்கு ஐந்து கிலோமீட்டர் அளவு. ஆள் நடமாட்டம் மிகக் குறைவு. முதல் பயணத்துக்கு இது வேண்டாம் என்பது என் கருத்து.

பந்தே ச்மார்: வடமேற்கில், சிசோபோன் ஊரிலிருந்து சுமார் 60 கிலோமீட்டர். பல கைகள் கொண்ட அவலோகிதேஸ்வரர் (பௌத்த போதிசத்துவர்) சிற்பங்கள் சுவரில் நிற்கின்றன.

இங்கே இரண்டு எச்சரிக்கை. ஒன்று, பெயர்க் குழப்பம். அங்கோருக்கு உள்ளேயே பிரே கான் என்று இன்னொரு கோயில் இருக்கிறது. வெறுமனே "பிரே கான்" என்று சொன்னால் ஓட்டுநர் அங்கேதான் வண்டியை நிறுத்துவார். தூரத்தில் இருப்பதைப் "பாகான்" என்று சொன்னால் உள்ளூர்க்காரர்களுக்குப் புரியும். அதேபோல் பிரேவிகார் என்பது மலைமேல் இருக்கும் கோயிலின் பெயர், மாகாணத்தின் பெயரும் அதுதான். மாகாணத் தலைநகரில் அறை எடுத்துவிட்டுக் கோயில் பக்கத்தில்தான் இருக்கும் என்று நினைக்காதீர்கள். இரண்டுக்கும் நடுவே நூறு கிலோமீட்டருக்கு மேல்.

இரண்டாவது, எல்லை. தாய்லாந்து எல்லையை ஒட்டிய பகுதிகளில் 2025 ஜூலையிலும் டிசம்பரிலும் சண்டை நடந்தது. பிரேவிகார் கோயில் எல்லைக் கோட்டின் மேலேயே இருக்கிறது. பந்தே ச்மாரும் எல்லைக்கு அருகில்தான். இந்த இரண்டுக்கும் போக நினைத்தால், கிளம்பும் வாரத்தில் இந்தியத் தூதரகத்தின் அறிவிப்பைப் பாருங்கள். பாங்காக்கிலிருந்து பேருந்தில் எல்லை ஊரான பொய்பெட் வழியாக வரலாம் என்று பழைய பயணக் குறிப்புகளில் படித்திருப்பீர்கள். சண்டையை ஒட்டி அந்தச் சாலை எல்லை மூடப்பட்டது. அதை நம்பித் திட்டம் போடாமல் விமானத்திலேயே வாருங்கள்.

2. மாதம்

நவம்பர் முதல் பிப்ரவரி வரை நல்ல காலம். மார்ச்சிலிருந்து மே வரை கல்லில் கை வைக்க முடியாத வெயில். மே முதல் அக்டோபர் வரை மழை. மழைக்காலத்தில் பாசி படர்ந்து கோயில்கள் மிக அழகாக இருக்கும், ஆனால் கற்கள் வழுக்கும், செம்மண் பாதைகளில் கார் சிக்கிக்கொள்ளும். தார்ச்சாலையிலேயே போய்விடக்கூடிய பெங் மேலியாவுக்கும் கோ கெருக்கும் மழையிலும் போகலாம்.

ஏப்ரல் நடுவில் போகவே வேண்டாம். நம் சித்திரைப் புத்தாண்டு வரும் அதே நாட்களில்தான் அவர்களுக்கும் புத்தாண்டு. ஊரே சொந்தக் கிராமத்துக்குப் போய்விடும், கார் கிடைக்காது, கிடைத்தாலும் வாடகை ஏறிவிடும்.

3. விசாவும் வருகை அட்டையும்

இந்தியக் கடவுச்சீட்டுக்குச் சுற்றுலா விசா இரண்டு வழியில் கிடைக்கும். விமான நிலையத்தில் இறங்கியதும் வாங்கலாம், அல்லது முன்கூட்டியே இணையத்தில் மின்விசா எடுக்கலாம். அடிப்படைக் கட்டணம் 30 டாலர். 30 நாள் தங்கலாம், ஒருமுறை மட்டுமே நுழையலாம். நடுவில் வியட்நாம் போய்த் திரும்பி வந்தால் மறுபடியும் விசா வாங்க வேண்டும். கடவுச்சீட்டு இன்னும் ஆறு மாதமாவது செல்லுபடியாக வேண்டும். கடவுச்சீட்டு அளவுப் புகைப்படம் இரண்டு கையில் இருக்கட்டும்.

நான் முதலில் விழுந்த குழி இதுதான். தேடலில் மேலே வந்த தளத்தில், அரசுத் தளம் என்று நினைத்து விண்ணப்பித்தேன். அசல் கட்டணத்தைப் போல இரண்டு மடங்குக்கு மேல் பிடித்துக்கொண்டார்கள். விசா வந்தது, பணம்தான் போனது. முகவரி "ஜிஓவி டாட் கேஎச்" என்று முடிகிறதா என்று பார்த்த பிறகே அட்டை எண்ணைப் போடுங்கள். மின்விசாவுக்கு வேலை நாட்கள் மூன்று கணக்கு. நான் சொல்வது, பத்து நாளாவது முன்னால் போட்டுவிடுங்கள்.

விசாவோடு வேலை முடியவில்லை. விமானத்தில் வருகிற எல்லோரும் மின்வருகை அட்டையை நிரப்ப வேண்டும். இது 2024 செப்டம்பரிலிருந்து கட்டாயம். வருவதற்கு முந்தைய ஏழு நாட்களுக்குள் நிரப்பலாம், முற்றிலும் இலவசம். இதற்கும் காசு கேட்கும் போலித் தளங்கள் இருக்கின்றன. பூர்த்தி செய்ததும் வரும் கியூஆர் குறியீட்டைப் படமெடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.

சென்னையிலிருந்து கோலாலம்பூர், சிங்கப்பூர் அல்லது பாங்காக்கில் மாறித்தான் வர வேண்டியிருக்கும். இரண்டு விமானங்களுக்கும் தனித்தனியே டிக்கெட் எடுத்தால் மலிவாகத் தெரியும். ஆனால் பெட்டியை எடுத்து மறுபடி ஒப்படைக்க நடுவில் இருக்கும் நாட்டுக்குள் நுழைய வேண்டிவரும். அந்த நாட்டின் நுழைவு விதியையும் பார்த்துவிட்டு எடுங்கள்.

4. பணம்

கம்போடியாவில் டாலரே பாதி நாணயம். ஒரு டாலருக்குச் சுமார் 4,000 ரியல். டாலரில் கொடுத்தால் மீதிச் சில்லறை ரியலில் வரும். ஏடிஎம்மில் எடுத்தால் ஒவ்வொரு முறையும் கட்டணம் உண்டு, அதனால் ஒரே தடவையாக எடுங்கள்.

டாலர் நோட்டு புதுசாக இருக்க வேண்டும். இதை யாரும் எங்களுக்கு இவ்வளவு அழுத்திச் சொல்லவில்லை. ஓரத்தில் நகக்கண் அளவு கிழிசல் இருந்தாலும் வாங்க மாட்டார்கள். கோ கெர் டிக்கெட் சாவடியில் எங்கள் கையிலிருந்த ஒரே இருபது டாலர் நோட்டை அந்தப் பெண் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டு, கைகூப்பித் திருப்பிக் கொடுத்துவிட்டார். ஓட்டுநர் தன் பையிலிருந்து கடன் கொடுத்ததால் உள்ளே போனோம். ஊரில் நாணய மாற்றுக் கடையில் வாங்கும்போதே ஒவ்வொரு நோட்டாகத் திருப்பிப் பாருங்கள். உங்களுக்குச் சில்லறையாகக் கிழிந்த நோட்டு வந்தால் நீங்களும் அப்போதே திருப்பிக் கொடுங்கள், யாரும் தப்பாக நினைக்க மாட்டார்கள். சிறு நோட்டுகளாக ஐம்பது டாலராவது காட்டுப் பயணத்துக்கு ஒதுக்குங்கள்.

5. நுழைவுச் சீட்டு

அதிகம் பேர் ஏமாறுவது இங்கேதான், அதனால் நிதானமாகப் படியுங்கள்.

அங்கோர் சீட்டு மூன்று வகை. ஒரு நாளுக்கு 37 டாலர், மூன்று நாளுக்கு 62, ஏழு நாளுக்கு 72. மூன்று நாள் சீட்டை பத்து நாட்களுக்குள் எந்த மூன்று நாளிலும் பயன்படுத்தலாம். ஏழு நாள் சீட்டுக்கு ஒரு மாதம் அவகாசம். சீட்டில் உங்கள் புகைப்படம் அச்சாகும், இன்னொருவருக்குக் கைமாற்ற முடியாது. பன்னிரண்டு வயதுக்குள் இருக்கும் குழந்தைகளுக்கு இலவசம், ஆனால் கடவுச்சீட்டைக் காட்ட வேண்டும். கோயில் வாசலில் சீட்டு விற்க மாட்டார்கள். ஊருக்கு வெளியே இருக்கும் பெரிய டிக்கெட் அலுவலகத்திலோ அதிகாரப்பூர்வ இணையதளத்திலோதான் வாங்க வேண்டும். விடுதி வரவேற்பிலோ தெருவிலோ யாராவது பழைய சீட்டை விற்க வந்தால் தொடாதீர்கள்.

இந்தச் சீட்டில் கபால் ஸ்பியன் அடங்கும். பெங் மேலியாவும் இப்போது இதில்தான் சேர்ந்திருக்கிறது. முன்பு அதற்கு ஐந்து டாலரில் தனிச் சீட்டு இருந்தது, பழைய குறிப்புகளில் இன்னும் அப்படித்தான் இருக்கும். இதன் பொருள் என்னவென்றால், பெங் மேலியாவுக்குப் போகிற நாள் உங்கள் அங்கோர் சீட்டில் ஒரு நாளாகக் கழியும். மூன்று நாள் சீட்டு வாங்கி, மூன்று நாளும் அங்கோரிலேயே சுற்றிவிட்டு, நான்காம் நாள் பெங் மேலியா என்று திட்டம் போட்டால், அந்த ஒரு கோயிலுக்காக 37 டாலர் மறுபடி கட்ட வேண்டும். நாங்கள் கட்டினோம். 62 டாலரோடு இன்னும் பத்து டாலர் போட்டு முதலிலேயே ஏழு நாள் சீட்டு வாங்கியிருந்தால் இந்தச் செலவே வந்திருக்காது. காட்டுக் கோயில்களும் பார்க்கிற எண்ணம் இருந்தால் ஏழு நாள் சீட்டுதான் சரி.

கோ கெர் இதில் சேராது. தனியாக 15 டாலர். அங்கோருக்கு வடகிழக்கே இருக்கும் குலேன் மலைக்கும் தனியாக 20 டாலர், அந்த மலைச்சாலையில் மதியம் வரை வண்டிகள் மேலே ஏறும், அதற்கு அப்புறம் இறங்க மட்டும்தான். சம்போர் ப்ரெய் குக், பந்தே ச்மார், பிரே கான் கொம்பொங் ஸ்வாய் மூன்றிலும் வாசலிலேயே சீட்டு வாங்கலாம். கட்டணம் அவ்வப்போது மாறும், கிளம்பும் முன் ஒருமுறை சரிபாருங்கள்.

ஒரு நல்ல செய்தியும் உண்டு. மாலை ஐந்து மணிக்கு மேல் அங்கோர் சீட்டு வாங்கினால் அது மறுநாள் தேதிக்குத்தான் எழுதப்படும், ஆனால் அன்றைய அந்தி நேரத்தில் உள்ளே போகலாம். மறுநாள் காலை வரிசையில் நிற்கும் வேலையும் மிச்சம்.

6. கார்

சியெம் ரீப்பின் புதிய விமான நிலையம் 2023 அக்டோபரில் திறந்தது. ஊரிலிருந்து ஏறக்குறைய 45 கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது. டாக்சிக்கு 35 டாலர் வரை ஆகும். பேருந்து அதைவிட மலிவு. ஊருக்குள் ரெமோர்க் என்று அவர்கள் சொல்லும் துக்துக்கை செயலி மூலம் கூப்பிடலாம், ஓரிரு டாலர்தான்.

பெங் மேலியாவுக்குத் துக்துக்கில் போகலாம் என்று சொல்வார்கள். போகலாம், ஆனால் போகவர 120 கிலோமீட்டர் புழுதியை விழுங்க வேண்டும். கார் எடுங்கள். பெங் மேலியா, கோ கெர் இரண்டும் ஒரே நாளில் என்றால் காருக்கு 80 முதல் 110 டாலர் வரை கேட்பார்கள். நான்கு பேர் சேர்ந்தால் தலைக்குப் பெரிய தொகை இல்லை.

பேசும்போது இவற்றை எல்லாம் சொல்லி, கைப்பேசியில் எழுதியும் காட்டிவிடுங்கள்: எந்தெந்தக் கோயில், எந்த வரிசையில், எத்தனை மணிக்குக் கிளம்புவது, கோ கெரில் பிரமிடு மட்டுமா அல்லது சுற்றுக் கோயில்களுமா, பெட்ரோலும் சாலைக் கட்டணமும் உள்ளடக்கமா. இந்த நான்காவது கேள்வியை நாங்கள் கேட்கவில்லை. பிரமிடைப் பார்த்து முடித்ததும் ஓட்டுநர் ஊர் திரும்பத் தயாராகிவிட்டார். சுற்றுக் கோயில்களுக்கு இன்னும் இருபது டாலர் என்றார். அவர் மேல் தவறில்லை, நாங்கள் பேசியது அவ்வளவுதான்.

பைக் எடுத்துப் போகும் ஆசை இருந்தால் உங்கள் பயணக் காப்பீட்டின் விதியைப் படியுங்கள். உரிமம் சரியில்லாத இருசக்கர விபத்துக்குப் பெரும்பாலான காப்பீடுகள் பணம் தருவதில்லை. கோ கெர் பக்கத்தில் அடிபட்டால் பெரிய மருத்துவமனைக்கு இரண்டு மணி நேரத்துக்கு மேல் பயணம்.

சிம் கார்டை விமான நிலையத்திலேயே கடவுச்சீட்டைக் காட்டி வாங்கிவிடுங்கள். வரைபடத்தை இணையம் இல்லாமலும் பார்க்கும்படி இறக்கி வைத்துக்கொள்ளுங்கள். கோயில்களுக்கு நடுவே சிக்னல் வரும், போகும்.

7. ஒரு நாளின் நேரக் கணக்கு

எல்லா ஓட்டுநர்களும் முதலில் பெங் மேலியா, பிறகு கோ கெர் என்றுதான் போவார்கள். அது வழியில் இருப்பதால் அப்படித் தோன்றும். அப்படிப் போனால் பெங் மேலியாவில் சுற்றுலாப் பேருந்துக் கூட்டத்தோடு நிற்பீர்கள், கோ கெர் பிரமிடில் உச்சிவெயிலில் ஏறுவீர்கள். அதற்கு நிழல் கிடையாது. 36 மீட்டர் உயரம், செங்குத்தான மரப்படிக்கட்டு. எங்களுக்கு முன்னால் ஏறிய ஒருவர் பாதியில் தலைசுற்றி உட்கார்ந்துவிட்டார்.

மாற்றிப் போங்கள். காலை ஐந்தரைக்குக் கிளம்பினால் எட்டு மணிக்கு முன்னால் கோ கெர். வெயில் ஏறும் முன் பிரமிடு. அப்புறம் மர நிழலில் இருக்கும் சிறு கோயில்கள். அவற்றில் பிரசாத் பிராமை மட்டும் விட்டுவிடாதீர்கள். ஐந்து கோபுரங்கள், அவற்றில் சிலவற்றை வேர் உருகி வழிந்த மெழுகு போல மூடியிருக்கிறது. பிரமாண்டமான லிங்கங்கள் இருக்கும் கருவறைகளும் இந்தச் சுற்றுச் சாலையில்தான் வரும். ஆவுடையார் தரையோடு ஒட்டிக் கிடக்க, மேலே கூரை இல்லாமல் வானம். என் தோழி அங்கே கொஞ்ச நேரம் பேசவே இல்லை.

பிரசாத் சென் என்ற சிறு கோயிலுக்கும் போங்கள். பீமனும் துரியோதனனும் சண்டைக்குத் தயாராக எதிரெதிரே நிற்கும் சிலைகள் இங்கே இருந்தவை. திருடர்கள் கணுக்காலோடு வெட்டி எடுத்துப் போனார்கள். இரண்டும் 2014-இல் அமெரிக்காவிலிருந்து திரும்பி வந்தன, நோம் பென் தேசிய அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. நோம் பென் வழியாகத் திரும்புகிறவர்கள் அருங்காட்சியகத்துக்கு அரை நாள் ஒதுக்குங்கள். வெறும் இடத்தைப் பார்த்த பிறகு சிலையைப் பார்ப்பது வேறு அனுபவம்.

பதினொன்றரைக்குள் கோ கெரை முடித்து, சாலையோரக் கடையில் சாப்பிட்டு, இரண்டு மணி வாக்கில் பெங் மேலியா. அதற்குள் பேருந்துகள் கிளம்பியிருக்கும். மரங்கள் அடர்ந்த இடம் என்பதால் மதியமும் தாங்கும். அங்கே ஒன்றரை மணி நேரம் போதும். கோயில்கள் மாலை ஐந்தரைக்கு மூடும், இருட்டுவதற்குள் ஊர் திரும்பிவிடுங்கள். இரவில் அந்தச் சாலைகளில் விளக்கில்லாத வண்டிகளும் மாடுகளும் வரும்.

சைவம் சாப்பிடுகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. காட்டுப் பக்கக் கடைகளில் மீன் சாறு இல்லாத பண்டம் கிடைப்பது அரிது. வெறும் சோறும் பழமும் கிடைக்கும். ரொட்டி, கடலை, தண்ணீர் தலைக்கு இரண்டு லிட்டர் எடுத்துப் போங்கள்.

8. காட்டுக்குள் கால் வைக்கும்போது

முதல் விதி, ஆள் நடந்த தடத்தை விட்டு விலகக் கூடாது. போர்க் காலத்தில் புதைத்த கண்ணிவெடிகள் வட கம்போடியாவில் இன்னும் முழுதாக அகற்றப்படவில்லை. கோயில்களைச் சுற்றி அகற்றிவிட்டார்கள், ஆனால் வரைபடத்தில் ஒரு புள்ளி தெரிகிறதே என்று புதருக்குள் குறுக்கே நடக்காதீர்கள். மண்டை ஓடு போட்ட சிவப்புப் பலகை இருந்தால் வந்த அடியிலேயே திரும்புங்கள். சிறுநீர் கழிக்கக்கூட மரத்துக்குப் பின்னால் போகக் கூடாது. டிக்கெட் சாவடியிலேயே கழிப்பறைக்குப் போய்விட்டு வாருங்கள்.

இடிபாடுகளின் மேல் ஏறாதீர்கள். கற்கள் சுண்ணாம்பு இல்லாமல் அடுக்கியவை, உங்கள் எடைக்கு நகரும்.

முசுறு எறும்பு மரக்கிளைகளில் இலைக்கூடு கட்டியிருக்கும். புகைப்படத்துக்காக வேரில் சாய்ந்த என் தோழிக்குக் கழுத்து வீங்கிவிட்டது. முழுக்கைச் சட்டை, முழு நீளக் கால்சட்டை, மூடிய ஷூ. தோளும் முழங்காலும் மூடியிருக்க வேண்டும் என்பது கோயில் விதியும்கூட, ஆக ஒரே உடை இரண்டுக்கும் ஆகும். கொசு விரட்டிக் களிம்பு அவசியம். பிரேவிகார் மாகாணக் காட்டுப் பகுதியில் இரவு தங்குவதாக இருந்தால் மலேரியா மாத்திரை வேண்டுமா என்று கிளம்பும் முன் மருத்துவரிடம் கேளுங்கள்.

ட்ரோன் கொண்டுபோக வேண்டாம், முன் அனுமதி இல்லாமல் பறக்க விடக் கூடாது. உடைந்த கல் துண்டு, பானை ஓடு எதையும் எடுக்காதீர்கள், யாராவது விற்க வந்தாலும் வாங்காதீர்கள்.

9. ஓர் இரவு தங்க முடிந்தால்

கோ கெருக்குத் தெற்கே சுமார் பத்து கிலோமீட்டரில் ஸ்ராயோங் என்ற கிராமம் இருக்கிறது. எளிய விருந்தினர் விடுதிகள் அங்கே உண்டு. முன்பதிவுச் செயலிகளில் எல்லாம் வராது, உங்கள் ஓட்டுநரைத் தொலைபேசியில் கேட்கச் சொல்லுங்கள். அவருடைய இரவுத் தங்கலுக்கும் சாப்பாட்டுக்கும் நீங்கள்தான் கொடுக்க வேண்டும், அதைக் கார் பேசும்போதே சேர்த்துப் பேசுங்கள். மாலை நான்கு மணிக்கு மேல் சுற்றுக் கோயில்கள், மறுநாள் வாசல் திறந்தவுடன் பிரமிடு என்று பிரித்துக்கொள்ளலாம். மறுநாளும் உள்ளே போக அதே சீட்டு செல்லுமா என்று முதல் நாளே சாவடியில் கேட்டுவிடுங்கள்.

பந்தே ச்மாரில் கிராமத்தார் சேர்ந்து நடத்தும் வீட்டுத் தங்கல் ஏற்பாடு இருக்கிறது. அறை, சாப்பாடு, வழிகாட்டி எல்லாம் அவர்களே பார்த்துக்கொள்வார்கள், பணமும் கிராமத்துக்கே போகும். எல்லை நிலவரம் அமைதியாக இருந்தால், நேரம் இருந்தால், ஓர் இரவு அங்கே தங்குங்கள். ஒரு நாள் முன்னதாகவாவது சொல்லிவிட்டுப் போக வேண்டும், சமைப்பது ஆள் கணக்குக்கு. டார்ச் விளக்கும் ஒரு போர்வையும் எடுத்துக்கொள்ளுங்கள், டிசம்பர், ஜனவரியில் விடியற்காலை குளிரும்.